வரிசை எண் 31

லைப்ஸிக், ஐந்தாம் மாடி, சன்னலுக்குக் கறுப்புத் துணி.
பதினோரு வருடமாக
வீப்கே லோரெங்கெலின் ஆவணப் படங்களை வெட்டுகிறவன் நான்.
அவள் கொண்டுவந்து கொட்டுவாள்.
பேசுகிறவர்கள் மூச்சு வாங்கும் இடம் பார்த்துக்
கத்தரி வைப்பேன்.

இந்தமுறை வந்தது ஒரு மேஜை.

நாற்பத்திரண்டில் வரி அலுவலகம் போட்ட ஏலம்.
சந்தைத் திடல், சனிக்கிழமை, காலை ஒன்பது மணி.
பென்டிக்ஸ் வீட்டாரை ரயிலேற்றி அனுப்பி
எட்டு நாள் ஆகியிருந்தது.
குமாஸ்தாவின் கையெழுத்து முத்து முத்தாக இருக்கிறது:
தலையணை உறை பன்னிரண்டு.
பனிச்சறுக்குக் காலணி, சிறுமிக்கானது, ஒரு ஜோடி.
வால்நட் மேஜை, ஒரு கால் மாற்றியது, பதினெட்டு மார்க்.
எதிரே வாங்கியவர் பெயர். தொகை பெற்றதற்கு முத்திரை.

திருட்டுக்கு ரசீது கொடுத்த ராஜ்ஜியம் என்று
ஒரு வரி எழுதிக் காட்டினேன், பின்னணிக் குரலுக்கு.
நன்றாயிருக்கிறது,
அதனால் வேண்டாம் என்றாள்.

ஊரின் பெயரையும் போடவில்லை.
எல்லா ஊரும் தப்பித்துக்கொள்ளுமே என்றேன்.
எந்த ஊருக்கும் தூக்கம் வராது என்றாள்.
இதில் யார் சரி என்று
இன்றுவரை எனக்குத் தெரியாது.

ஓட்ஃப்ரீட் காஸெபாவும், வயது எண்பத்து மூன்று,
ஓய்வுபெற்ற கால்நடை மருத்துவர்.
பசுவின் வயிற்றுக்குள் தோள்வரை விட்டுக்
கன்றை இழுத்த கைகளை
மேஜைமேல் விரித்து வைத்திருக்கிறார்.
மூன்று கால் கறுத்தவை. நான்காவது வெளிறிய பீச் மரம்.
காமரா அதைக் காட்டிவிட்டு மேலே ஏறுகிறது.

இது எங்கிருந்து வந்தது?
எப்போதும் இங்கேதான் இருந்தது.
உங்கள் பிறப்புக்கு முன்பிருந்தா?
வந்து சேர்ந்தது. அப்போது நிறையச் சாமான்கள் வந்து சேர்ந்தன.

ஆளே இல்லாத வாக்கியம்.
நாற்காலியும் அலமாரியும் தாமாக நடந்து
கதவைத் தட்டிய காலம் போல.

வீப்கே டார்ச்சுடன் மேஜைக்கடியில் ஊர்ந்து போகிறாள்.
ஒரு பெயர், கத்திக் கீறல், குழந்தைக் கிறுக்கல்,
எதையாவது எதிர்பார்த்திருப்பாள்.
காய்ந்துபோன சூயிங்கம் ஒன்று இருந்தது.
பேரனுடையது என்று சிரித்தார்கள்.

கேள்விகள் முடிந்ததும் ஒலிப்பதிவாளன் ஃபால்கோ
வழக்கம்போல அறையின் மௌனம் கேட்டான்.
ஒரு நிமிடம். யாரும் அசைய வேண்டாம்.
அது எனக்காக எடுப்பது:
வெட்டிய சொற்களுக்கு நடுவில் ஒட்டுப்போட
அந்த அறையின் மௌனமே வேண்டும்,
வேறு வீட்டு மௌனம் ஒட்டாது.

குளிர்சாதனப் பெட்டியின் ரீங்காரம்.
தூரத்தில் ஒரு டிராக்டர்.
கிழவரின் கட்டைவிரல் மேஜை விளிம்பைத் தடவுகிறது.
நாற்பத்தோராம் விநாடியில் சொல்கிறார்,
யாரிடமும் இல்லாமல்:

அந்தச் சறுக்குக் காலணி
அக்காவுக்குச் சின்னதாகப் போய்விட்டது.

யாரும் காலணியைப் பற்றிக் கேட்டிருக்கவில்லை.

மன்னிக்கணும், மௌனம் கெட்டுவிட்டது,
இன்னொரு முறை எடுக்கலாம் என்றான் ஃபால்கோ.
எடுத்தார்கள். இரண்டாவது மௌனம் சுத்தமாக இருக்கிறது.
நான் அதைப் பயன்படுத்தவே இல்லை.

பிறகு நாற்பத்தேழாம் துண்டு. காமராவை நிறுத்த மறந்திருக்கிறார்கள்.
இர்ம்ஹில்ட் அம்மாள் பிளம் கேக் கொண்டு வருகிறார்,
வால்நட் பலகைமேல் தட்டுகள்.
சட்டகத்தின் இடது ஓரத்திலிருந்து ஒரு கை நீள்கிறது,
மணிக்கட்டில் நான் அறிந்த கடிகாரம்.
ஒரு துண்டு எடுக்கிறது.
கொஞ்ச நேரம் கழித்து, இன்னொன்று.

இதை எடுத்துவிடவா என்று கேட்டேன்,
விரல் பொத்தானில்.

கறுப்புத் துணியை விலக்கி
வெளியே டிராம் போவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.
ருசியாக இருந்தது என்றாள்.
இருக்கட்டும்.